பிச்சிப்பூ வைத்தவள்

மத்தியானச் சோறு வயிற்றில் இறங்குவதற்குள் ரெஜினாள் கல்லறைத் தோட்டத்துக்கு வந்து உட்கார்ந்துவிட்டாள். கல்லறைத் திருநாளுக்கு ஊரே வெயில் தாழ்ந்த பிறகுதான் வரும், சாமியார் தீர்த்தம் தெளிக்கிற நேரத்துக்குப் பூவும் மெழுகுதிரியுமாக அடித்துப் பிடித்து ஓடிவரும். இவள் மட்டும் இந்த வேகாத வெயிலில் குடையும் வாளியுமாக வந்து, புருசன் பெர்க்மான்ஸின் சிலுவைக்குப் பக்கத்து மேட்டில் சாக்கை விரித்து உட்கார்ந்திருக்கிறாள் என்றால் சும்மாவா? பிடிக்க வேண்டும். இன்றைக்கு அவளைக் கையும் களவுமாகப் பிடிக்க வேண்டும். அவள் ஒல்லியா குண்டா, கறுப்பா சிவப்பா, கழுத்தில் தாலி இருக்கிறதா இல்லையா, ஒரு மண்ணும் தெரியாது. ஆனால் அவள் என்று ஒருத்தி இருக்கிறாள், அதில் ரெஜினாளுக்கு எள்ளளவும் சந்தேகம் கிடையாது. ஏழெட்டு வருசமாக, இவள் வருவதற்கு முன்னாலேயே வந்து, பெர்க்மான்ஸின் தலைமாட்டில் ஒரு முழம் பிச்சிப்பூவும் வாழையிலைத் துண்டில் ஒரே ஒரு முந்திரி மக்ரூன் இனிப்பும் வைத்துவிட்டுப் போகிறது ஆம்பளையாகவா இருக்கும்? ஆம்பளைக்குப் பிச்சிப்பூ வாங்கத் தோன்றுமா? கல்லறைக்கு எல்லாரும் கேந்திப்பூ வாங்குவார்கள், கோழிக்கொண்டை வாங்குவார்கள், கொஞ்சம் வசதி என்றால் ரோஜா. பிச்சி தலையில் வைக்கிற பூவல்லவா? காலையில் எழுந்து பார்த்தால் தலையணையில் வாடிக் கிடந்து மணக்கிற பூ. அதை ஒருத்தி செத்துப்போன மனுசனுக்குக் கொண்டுவந்து வைக்கிறாள் என்றால், அந்த மனுசன் உயிரோடு இருந்தபோது அவளுக்கு வாங்கிக் கொடுத்திருக்கிறார் என்றுதானே அர்த்தம்? எனக்கு என்றைக்காவது வாங்கித் தந்தாரா? தந்தார், ஒரே ஒரு தடவை, மாதா கோயில் தேர் பார்க்கப் போனபோது. என்ன பூ? கனகாம்பரம். மணக்கவே மணக்காத பூ. அப்போதே எனக்குத் தெரிந்திருக்க வேண்டும், புத்தி கெட்டவள், அதையும் பல்லைக் காட்டிக்கொண்டு தலையில் வைத்துக்கொண்டு தேருக்குப் பின்னாலேயே நடந்தேன்.

பிச்சியாவது போகட்டும், மக்ரூன்தான் அவளுக்கு அடிவயிற்றில் எரிந்தது. செத்தவருக்குப் பிடித்த பண்டத்தைக் கல்லறையில் வைக்கிற பழக்கத்தைச் சாமியார் எத்தனை பிரசங்கத்தில் வேண்டாம் என்று சொன்னாலும் சனம் விடுகிறதா? ஒருவர் கல்லறையில் பீடிக்கட்டு இருக்கும், ஒரு கிழவி கல்லறையில் வெற்றிலை இருக்கும். பிடிக்காததை யாரும் வைக்க மாட்டார்கள். ஆனால் பெர்க்மான்ஸ் இனிப்பைக் கையால் தொட மாட்டார். பாதி நாள் சோடா கம்பெனியில் சீனிப்பாகு வாசத்துக்குள்ளேயே நின்று, கலர் கலந்து, குப்பியில் அடைத்து, சட்டையெல்லாம் பிசுபிசுவென்று ஈ மொய்க்க வீட்டுக்கு வருகிற மனுசனுக்கு இனிப்பு என்றாலே குமட்டும். டீயில்கூடச் சீனி வேண்டாம். கிறிஸ்மஸுக்கு இவள் விடிய விடிய முந்திரிக்கொத்து செய்து வைத்தால், அதை ஒதுக்கிவிட்டு முறுக்கை எடுத்துக் கடித்துக்கொண்டு போவார். அப்படிப்பட்ட மனுசனுக்கு மக்ரூன் பிடிக்கும் என்று ஒருத்திக்குத் தெரிந்திருக்கிறது. வீட்டில் தொடாததை எங்கே போய்த் தொட்டார்? யார் கையிலிருந்து வாங்கித் தின்றார்? என் கைப்பக்குவம் குமட்டியிருக்கிறது, அவள் கைப்பக்குவம் இனித்திருக்கிறது. சோடாப் பெட்டியை ட்ரைசைக்கிளில் ஏற்றிக்கொண்டு ஊர் முழுக்கப் போகிறவர், கடைக்கடையாக, கல்யாண வீடு கல்யாண வீடாக இறங்குகிறவர், எந்தப் படியில் எவ்வளவு நேரம் உட்கார்ந்தார் என்று யார் கண்டது? பேக்கரியிலும் சோடா போடுவார். பேக்கரிக்காரனுக்கு ஒரு தங்கச்சி உண்டு, கல்லாவில் உட்கார்ந்து எல்லாரிடமும் ஈ என்று சிரிப்பாள். ஒரு நாள் இவள் அந்தப் பக்கம் போனபோது பெர்க்மான்ஸ் அங்கே நின்று தலையைப் பின்னால் சாய்த்துச் சிரித்துக்கொண்டிருந்தார். வீட்டில் அவர் அப்படித் தலையைச் சாய்த்துச் சிரித்ததே கிடையாது. ஒவ்வொரு வருசமும் அந்தப் பூவைக் குச்சியால் எடுத்துச் சுவருக்கு அந்தப் பக்கம் வீசிவிட்டு, மக்ரூனைக் காக்காய்க்குப் போட்டால், காக்காய் அதையும் ஆசை ஆசையாகத் தின்கிறது, சனியன். இந்த வருசம் முந்தியாகிவிட்டது, தலைமாடு இன்னும் வெறுமனேதான் கிடக்கிறது.

"என்ன யக்கா, இப்பவே வந்து குத்த வச்சிருக்கீய?" என்று கேட்டுக்கொண்டு கொத்தனார் தொம்மை வந்தான். கல்லறை கட்டுகிறவன், திருநாளன்றைக்கு அவன்தான் இந்தத் தோட்டத்தில் மாப்பிள்ளை, எல்லாரும் அவனைத்தான் தேடுவார்கள். "கல்லு தயாரா இருக்கு. வண்டியில ஏத்திக் கொண்டாந்துரவா?"

"அவசரம் என்ன?"

"அவசரம் எனக்கில்ல, சாமியாருக்கு. பீடத்துல வச்சே சொல்லிட்டாரு பாத்தீயள்லா? கட்டாத மண்குழிய எல்லாம் கிறிஸ்மஸ் கழிச்சுத் தோண்டிருவோம், எடமில்லன்னு. இன்னைக்குள்ள பேரு குடுத்தாத்தான் ஒங்க வீட்டுக்கு எடம்." அவன் குரலைத் தாழ்த்திக்கொண்டான். "அண்ணன் பேரு மேல, கீழ ஒங்க பேரு. எழுத்து வெட்டியாச்சு. தேதிக்கு மட்டும் எடம் விட்டிருக்கேன், அதப் பெறவு வெட்டிக்கிடலாம்."

"பெறவுன்னா எப்ப? நான் எப்ப போவேன்னு பாத்துக்கிட்டிருக்கியா?"

"ஐயோ, அப்படிச் சொல்லுவனா யக்கா."

"சாயங்காலம் சொல்லுதேன். போ."

அவன் போய்விட்டான்.  எழுத்து வெட்டியாச்சு. ரெஜினாள் என்று கல்லில் வெட்டியாச்சு, உயிரோடு உட்கார்ந்திருக்கும்போதே. போன மாசம்வரைக்கும் அதுதான் ஆசை. நாம் கண்ணை மூடினால் அவர் குழியைத் திறந்து அவர் எலும்பை ஓரமாக ஒதுக்கிவிட்டு நம்மை வைத்து மூடட்டும், அதற்குமேல் இந்த உலகத்தில் ஒன்றும் வேண்டாம் என்றுதான் தொம்மையிடம் சொன்னாள். சொல்லிவிட்டு வீட்டுக்கு வந்து படுத்தபோதுதான் உறைத்தது. நான் செத்த பிறகும் அவள் வருவாளே! கீழே அவர், மேலே நான், எங்கள் இரண்டு பேர் தலைக்கும் மேலே அவள் வைக்கிற பிச்சிப்பூ. எடுத்து வீசக் கையும் இருக்காது. உலகம் முடிகிற நடுத்தீர்வை நாள்வரைக்கும் அந்த வாசத்தை மோந்துகொண்டு கிடக்க வேண்டும். அவர் வேறு அந்தப் பக்கம் திரும்பிக் கிடந்தால்? சீச்சீ, எலும்பு திரும்புமா? திரும்பாது. ஆனாலும் மனசு கேட்கிறதா? கல் போடாவிட்டால் கிறிஸ்மஸுக்குப் பிறகு குழியைத் தோண்டி அவரை வாரி மூலையில் இருக்கிற எலும்புக் கிணற்றில் கொட்டிவிடுவார்கள், பிறகு மெழுகுதிரி ஏற்ற ஒரு இடம்கூட இருக்காது. போட்டால், அவளோடு பங்கு. இப்படியும் போக முடியவில்லை, அப்படியும் போக முடியவில்லை. அவள் மூஞ்சியை ஒரு தடவை பார்த்துவிட்டால் போதும், தொம்மையிடம் ஆமாம் இல்லை என்று ஒரு வார்த்தை சொல்லிவிடலாம் என்று நினைத்தாள்.

மதில்சுவரில் மழைத்தண்ணி போகிற ஓட்டையிலிருந்து ஒரு ஓணான் தலையை நீட்டி இவளைப் பார்த்தது, உள்ளே போயிற்று, மறுபடியும் நீட்டியது. இதுகூட என்னை வேவு பார்க்கிறது. பெர்க்மான்ஸின் சிலுவை அந்த ஓட்டைக்கு நேராக நிற்கிறது. ஆசாரி இழைத்துச் செய்த சிலுவையா அது? சோடாப் பெட்டிச் சட்டம். கம்பெனிக்காரர்களே ஒரு பழைய பெட்டியைப் பிரித்து அடித்துக் கொடுத்தது, ஒரு கையில் ஆணித்துளை வரிசையாக இருக்கும், ஆயிரம் சிலுவைக்குள் போட்டாலும் தடவியே கண்டுபிடித்துவிடுவாள். அன்றைக்கு அவரை இறக்கினபோது சுவரையா பார்த்தாள், ஓட்டையையா பார்த்தாள்? இரண்டு பேர் தோளில் தொங்கிக்கொண்டு வந்தவளுக்கு மணலும் சிலுவையும்தான் தெரிந்தது. அப்புறம் குப்பி. கூட வேலை பார்த்தவர்கள் சாக்கு நிறையக் கோலிசோடாக் குப்பி கொண்டுவந்து, குழியைச் சுற்றிக் கழுத்து கீழே அடி மேலே என்று வரிசையாக நட்டுவிட்டுப் போனார்கள். அவ்வளவு பேரும் ஒரே அழுகை. வெயில் பட்டால் பச்சைப் பச்சையாக மின்னும். நெஞ்சு வலி என்று மிஷினுக்குப் பக்கத்திலேயே உட்கார்ந்தவர் எழும்பவில்லை, ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகும்போதே எல்லாம் முடிந்தது, ஒரு வார்த்தை பேசவில்லை. பேசியிருந்தால் என்ன சொல்லியிருப்பார்? அவள் பேரைச் சொல்லியிருப்பாரோ? அதுதான் கடவுள் வாயை அடைத்துவிட்டாரோ? குப்பிகளையும் பாருங்கள், ரெண்டு வருசம் இருந்தது, பிறகு ஒன்றைக்கூடக் காணோம். குழி வெட்டுகிற மோயீசன்தான் பிடுங்கி விற்றுச் சாராயம் குடித்துவிட்டான் என்று இவள் வாசலில் வைத்து அவனை வாங்கு வாங்கு என்று வாங்கினாள். "மாதா மேல சத்தியமா நான் தொடல யக்கா" என்று அவன் தலையில் அடித்துக்கொண்டான். மாதா மேல சத்தியம் பண்ணாத குடிகாரன் எங்கே இருக்கிறான்?

எல்லாம் ஒரே வருசத்தில்தான் நடந்தது, இப்போது நினைத்தால் ஒன்றோடொன்று சேருகிறது. அந்த வருசம்தான் இளைஞர் மன்றத்துப் பையன்கள் திருநாளுக்குத் தோட்டத்தைச் சுத்தம் பண்ணுகிறோம் என்று சொல்லி, செடியை வெட்டி, மணலை வாரிச் சமன் பண்ணி, மரச்சிலுவை அத்தனையையும் பிடுங்கித் தார் பூசி மறுபடியும் நட்டார்கள். பூசுகிறவன் பேரை விட்டுப் பூச வேண்டாமா? எல்லாம் ஒரே கறுப்பு. இவள் வந்து தேடி, ஆணித்துளையைத் தடவிப் பார்த்துத் தன் சிலுவையைக் கண்டுபிடித்து, வெள்ளை பெயிண்டால் பெர்க்மான்ஸ் என்று தன் கையாலேயே எழுதினாள். அந்த வருசம்தான் குப்பி போயிற்று. அதற்கு அடுத்த திருநாளில்தான் முதல் பிச்சிப்பூ. நடுவில் மாமியார்க்காரி செத்துப்போனாள்; அவள் இருந்தவரைக்கும் மகன் கல்லறையில் விடியற்காலத்திலேயே வந்து காவல் உட்கார்ந்துவிடுவாள், அவள் கண்ணுக்குப் பயந்து பிச்சிப்பூக்காரி வராமல் இருந்திருக்கிறாள், கிழவி போனதும் துளிர் விட்டுப்போயிற்று. மாமியாருக்கே தெரிந்திருக்குமோ? தெரிந்துதான் என்னிடம் மறைத்தாளோ? சாகும்போது என் கையைப் பிடித்துக்கொண்டு, அவன் நல்லவன்மா, நல்லவன்மா என்று சொன்னாளே, நல்லவனை யாராவது ரெண்டு தடவை நல்லவன் என்று சொல்வார்களா? ரெஜினாள் கொண்டுவந்த பாட்டிலில் தண்ணீர் குடித்து, நிலக்கடலையைத் தொலித்துத் தின்று, தோலை உட்கார்ந்திருந்த மேட்டிலேயே ஊதிவிட்டாள். அந்த மேட்டுக்குச் சிலுவையும் இல்லை பேரும் இல்லை, தரையோடு தரையாகிக் கிடக்கிறது. யாரோ அநாதை. வருசா வருசம் இவள் செருப்பையும் வாளியையும் வைப்பது அதில்தான், இடம் தோதாக இருக்கும்.

வெயில் மஞ்சளாகிக்கொண்டு வந்தது. ஆட்கள் வர ஆரம்பித்தார்கள். வருகிற பொம்பளை ஒவ்வொருத்தியையும் இவள் தலைமுதல் கால்வரை எடை போட்டாள். கையில் வெள்ளைப்பூ வைத்திருக்கிறவள் யார், மல்லிகை, போகட்டும். தனியாக வருகிறாளே இவள், இவளாக இருக்குமோ, இல்லை, பின்னால் புருசன் வருகிறான். பேக்கரிக்காரன் தங்கச்சியே வந்தாள். பேரன் பேத்தியோடு, முழங்கால் வலியில் அசைந்து அசைந்து வந்து, தூரத்தில் தன் அப்பன் கல்லறையில் கேந்திப்பூவைக் கொட்டிவிட்டு, இவளைப் பார்த்து அதே ஈ சிரிப்பைச் சிரித்தாள். பெர்க்மான்ஸின் பக்கம் அவள் கண் ஒரு நொடிகூட வரவில்லை. ரெஜினாளுக்கு நிம்மதியாக இருக்க வேண்டியதுதானே? ஏமாற்றமாக இருந்தது. இத்தனை வருசம் மனசுக்குள் போட்டு அரைத்த மூஞ்சி இல்லையென்று ஆகிவிட்டால், இனி யாரை அரைப்பது? அந்த நேரத்தில்தான் பிச்சிப்பூ மணந்தது. திரும்பிப் பார்ப்பதற்குள் ஒருத்தி பெர்க்மான்ஸின் தலைமாட்டில் முழங்காலில் நின்றுவிட்டாள். நாற்பது வயசு இருக்கும், நீலக்கரை போட்ட ஆஸ்பத்திரி ஆயா சேலை, வாய்க்குள் ஏதோ சொல்லிக்கொண்டே வாழையிலைத் துண்டைப் பிரிக்கிறாள். உள்ளே மக்ரூன்.

ரெஜினாள் எழுந்த வேகத்தில் குடை பறந்தது. "ஏட்டி! நீதானா அது?"

அந்தப் பெண் பயந்துபோய் நிமிர்ந்தாள். "யக்கா?"

"யக்காவாம் யக்கா! நாந்தான் இவரு பொண்டாட்டி. நீ யாரு? எத்தன வருசமா நடக்குது இது? வருசா வருசம் எனக்கு முன்ன வந்து ஒளிச்சு ஒளிச்சு வச்சிட்டுப் போனா எனக்குத் தெரியாதா?"

"ஒளிக்கலியே. எனக்கு ஆஸ்பத்திரியில பகல் டூட்டி, அதனால காலையிலயே வந்துருவேன். இந்த வருசம் ராத்திரி டூட்டி." அவள் சிலுவையில் எழுதியிருந்த பேரைப் பார்த்தாள், இவளைப் பார்த்தாள், சட்டென்று முகம் மலர்ந்துவிட்டது. "ஐயோ, நீங்கதானா? பெர்க்மான்ஸ் அண்ணன் வீட்டு யக்காவா? என்னைக்காவது பாக்கணும்னு நெனச்சேன். கோவிச்சுக்கிடாதீய யக்கா. பூ ஒங்க வீட்டுக்காரருக்கு இல்ல. கீழ இருக்க எங்க அப்பாவுக்கு."

"கீழயா?"

"எங்க அப்பா ராயப்பன். நான் அமலோற்பவம், ஒரே மக. அப்பாவ இங்க வச்சுட்டு நான் மஸ்கட்டுக்கு வேலைக்குப் போயிட்டேன். திரும்பி வந்து பாத்தா அப்பா சிலுவையக் காணோம், வேற பேரு நிக்குது. அப்பா மேல வேற ஆள வச்சுட்டாங்கன்னு அன்னைக்குக் கெடந்து அழுதேன். பெறவு, போகட்டும், எல்லாக் குழியையும் அப்படித்தான பண்ணுதாவ, பேச்சுத் துணைக்கு ஒரு ஆளாச்சுன்னு மனசத் தேத்திக்கிட்டேன். மேல இருக்கவரே, பொறுத்துக்கிடுங்க, ஒங்களுக்கு ஒங்க வீட்டுல கொண்டாருவாவ, இது எங்க அப்பாவுக்குன்னு சொல்லிட்டுத்தான் வைப்பேன். அப்பாவுக்கு மக்ரூன்னா உசிரு. சுகர் வந்து கடைசிவரை டாக்டர் தொட விடல."

இதைக் கேட்டதும் ரெஜினாளுக்கு வந்தது நம்பிக்கையில்லை, அடுத்த சந்தேகம். என்னமாய் ஒரு கதை கட்டுகிறாள் பார்! "ஒங்க அப்பா இங்கதான்னு நீ எத வச்சுச் சொல்லுத? சிலுவையும் இல்லங்குற."

"சிலுவ எதுக்கு? அந்தா சுவத்துல தண்ணி போற ஓட்ட இருக்குல்லா, அதுக்கு நேரா அப்பா தல. கண்ணாலப் பாத்துக்கிட்டுத்தான நின்னேன்." அமலோற்பவம் கையை நீட்டி, இவள் உட்கார்ந்திருந்த சாக்கைக் காட்டினாள். "அன்னைக்குப் பக்கத்துல இந்தக் குழி இருந்துச்சு. சுத்திச் சோடாக் குப்பியா நட்டு வச்சிருந்தாவ. வெயிலு பட்டு அப்படி மின்னுச்சு. எங்க அப்பாவுக்கு இப்படிச் செய்ய ஆளில்லையேன்னு அழுத ஞாபகம் இருக்கு."

ரெஜினாள் தான் விரித்த சாக்கைத் திரும்பிப் பார்த்தாள். தார் பூசின பையன்கள். பிடுங்கிப் போட்ட சிலுவைகள். ராயப்பனின் சிலுவை உளுத்து உடைந்திருக்கும், தூரப் போட்டிருப்பார்கள். மிச்சமிருந்த இவர் சிலுவையைக் கொண்டுபோய், இதுவா அதுவா என்று தலையைச் சொறிந்துவிட்டு, பக்கத்துக் குழியில் நட்டிருக்கிறார்கள். வாரிச் சமன் பண்ணின மணல். அவள் சாக்கை உருவி எறிந்துவிட்டு முழங்காலில் விழுந்து இரண்டு கையாலும் மணலைப் பறித்தாள். கடலைத்தோல் பறந்தது, ஒரு கிளிஞ்சல் வந்தது, நகத்துக்குள் மண் ஏறியது. முழங்கை ஆழம் போவதற்குள் விரலில் வழவழவென்று தட்டுப்பட்டது. பச்சைக் கண்ணாடி, கனத்த வட்டம், குப்பியின் அடி. அதற்குப் பக்கத்தில் இன்னொன்று. அதற்கும் பக்கத்தில் இன்னொன்று. மோயீசா, உன்னை என்ன பேச்சு பேசினேன், அட பாவி மனுசா, நீ உண்மையைத்தான் சொல்லியிருக்கிறாய். தொம்மை கல்லைக் கட்டியிருந்தால்? ராயப்பன் என்று முன்னே பின்னே தெரியாத ஒரு சர்க்கரைக்காரர் மேல் நான் படுத்திருப்பேன், இவர் எலும்பைக் கிறிஸ்மஸுக்குப் பிறகு வாரிக் கொட்டியிருப்பார்கள். இத்தனை வருசமும் அங்கே யாருக்கோ மெழுகுதிரி ஏற்றிவிட்டு, யாரையோ வைதுவிட்டு, இவர் நெஞ்சில் வாளியை வைத்து, செருப்பை வைத்து, நானும் உட்கார்ந்து கடலை தின்றிருக்கிறேன்.

"தொம்மை!" என்று அவள் கத்தினாள். தூரத்தில் அவன் திரும்பினான். "கல்லக் கொண்டா! ஆனா அங்க இல்ல, இங்க!"

அமலோற்பவம் பக்கத்தில் வந்து குனிந்து, குப்பி அடியை விரலால் துடைத்துப் பார்த்துவிட்டு, "அப்ப அப்பா மேல யாரும் இல்லையா?" என்று சின்னப்பிள்ளை மாதிரிக் கேட்டாள். ரெஜினாள் இல்லை என்று தலையை ஆட்டினாள். எழுந்து போய் அந்தக் குழியில் நிற்கிற சிலுவையைப் பிடுங்கிக் கொண்டுவந்து இங்கே ஊன்றவேண்டும், சாமியார் மணியடித்துக்கொண்டு மூன்றாவது வரிசைக்கு வந்துவிட்டார், மெழுகுதிரியை எடுக்கவேண்டும், ஒன்றும் ஓடவில்லை. அவள் இல்லை. பிச்சிப்பூக்காரி என்று ஒருத்தி இந்த உலகத்தில் இல்லவே இல்லை. இவர் மக்ரூன் தின்றதில்லை, யார் படியிலும் உட்கார்ந்ததில்லை, சீனி போடாத டீயைக் குடித்துவிட்டு வேலைக்குப் போய் வந்த மனுசன். இதைக் கேட்கத்தானே இத்தனை வருசம் தவம் கிடந்தாள்? கேட்டாகிவிட்டது. ஆனால் ஏழெட்டு திருநாள் இந்த மேட்டில் ஒரு திரி எரியவில்லை, ஒரு இதழ் விழவில்லை. பொண்டாட்டி பக்கத்துக் குழியைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அவளாவது இருந்திருந்தால், அந்தப் பாவி முண்டை ஒருத்தி உண்மையிலேயே இருந்திருந்தால், குப்பி நட்ட இடத்தை மறக்காமல் வந்து ஒரு முழம் பூவாவது வைத்திருப்பாளே என்று நினைத்ததும் ரெஜினாள் வாய்விட்டு அழுதுவிட்டாள்.

"யக்கா, யக்கா" என்று அமலோற்பவம் தோளைப் பிடித்தாள்.

"ஒரு சாண் பூ குடும்மா," என்றாள் ரெஜினாள், முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டு. அமலோற்பவம் பல்லால் நாரைக் கடித்து அறுத்துக் கொடுத்தாள். ரெஜினாள் அதைக் கொண்டுபோய்ப் பச்சைக் குப்பிகளுக்கு நடுவில், தோண்டின மணலின்மேல் வைத்தாள்.

"ஒருத்திகூட வரலியே ஒங்களுக்கு," என்று சொன்னாள். "இந்தாங்க. அவ வச்சதா நெனச்சுக்கிடுங்க."